எஸ்தெலாக்காவும் மரவள்ளிக்கிழங்கும்

வீடியோக் கசெட்டை வாடகைக்குக் கொடுப்பது சுலபம். அதில் என்ன படம் என்று சொல்லிக் கொடுப்பதுதான் தொழில். கடை மேசைக்குப் பின்னால் நின்றே கால் வீங்கியவர்களுக்கு இது விளங்கும்.

ஒரே நடிகை

எண்பதுகளில், பாரிஸில் எங்கள் ஈழத்துச் சனம் கூடும் லாச்சப்பலில், ஒரு மளிகைக் கடையின் கசெட் தட்டு என் பொறுப்பு. முதலாளி புதுச்சேரிக்காரர். மூடப்போகும் ஒரு ஸ்பானியக் கடையிலிருந்து மெக்சிக்கோ நகைச்சுவைப் படங்களை, மலிவென்று, பெட்டியோடு வாங்கி வந்துவிட்டார். எல்லாவற்றிலும் ஒரே நடிகை, எஸ்தெலா. எங்கள் சனம் ஒன்றையும் தொடவில்லை. பாஸ்கு என்கிற ஈஸ்டர்வரை முதலாளி கெடு வைத்தார்.

"பாஸ்குக்குள்ள இது ஓடலன்னா, இந்தத் தட்டுல மரவள்ளிக்கிழங்கு வெச்சிடுவேன். கிழங்கு விக்கிறதுக்கு நீங்க எதுக்குங்க?"

குடும்பம்

ஐம்பது வயதுக்கு மேல் வேலை தேடுவதை நினைத்துப் பார்த்தேன். அன்றிலிருந்து அட்டைப்படத்தைப் பார்த்துக் கதை கட்டிச் சொல்லத் தொடங்கினேன். ஸ்பானிய மொழி எனக்கும் தெரியாது.

முதலில் அகப்பட்டவன் பொண்டி என்ற பாரிஸ் புறநகரில் இருந்து வரும் செல்வம். பெட்டியில் மேலே கிடந்ததைக் கொடுத்தேன். அதில் எஸ்தெலா கிழட்டு மாமியார். அடுத்ததில் நடுத்தர வயது. அதற்கடுத்ததில் பதினெட்டு வயதுக் குமரி. அவளுடைய சினிமா வாழ்க்கையை நான் தலைகீழாக வாடகைக்கு விட்டிருக்கிறேன் என்பது எனக்கு அப்போதுதான் உறைத்தது. செல்வத்துக்கு அது தாய், மகள், பேத்தி. திருத்த வாயெடுத்தேன், முதலாளி பக்கத்தில் நின்றார்.

"தாயை விட மகள் திறம் அண்ணை. ஆனா, அந்தக் குடும்பத்திலை ஆம்பிளையள் ஒருத்தரும் நடிக்கிறேல்லையோ?"

தவக்காலம்

தையல் வேலை செய்யும் மன்னார் பிலோமினா தவக்காலத்தில் படம் பார்ப்பதில்லை. எஸ்தெலா கன்னியாஸ்திரி உடுப்பில் நிற்கும் அட்டையைக் காட்டி, "இது ஒரு புனிதையின் வரலாறு" என்றேன். சொல்லி முடித்ததும் நெஞ்சு குறுகுறுத்தது. ஒருவருடைய விரதத்தையே முறிக்கிறேனா? அந்தப் புனிதை மோட்டார் சைக்கிளில் வந்து கோழி திருடுவாள் என்று எனக்கு எப்படித் தெரியும்?

மூன்றாம் நாள் பிலோமினா யோசனையோடு கசெட்டைத் திருப்பித் தந்தார்.

"சிஸ்டர் கோழி களவெடுத்தது பிழைதான் அண்ணை. ஆனா கடைசிமட்டும் அதைச் சாப்பிடேல்லை, பாத்தனீங்களே? தவக்காலம் எண்டு விட்டிட்டா."

பாஷை தெரிந்தவர்

பாஸ்குக்கு முந்திய வெள்ளி. கடைத் தொலைக்காட்சியில் எஸ்தெலா கதறிக்கொண்டிருந்தாள். தொலைந்த அண்ணனைத் தேடிப் பட்டணம் வந்த தங்கை என்று, இந்தப் படத்துக்கு நான் கட்டிய கதையை ஓல்னே புறநகர் வரைக்கும் ஆட்கள் சொல்லித் திரிந்தார்கள். அந்த நேரம் பக்கத்துக் கட்டடத்தைப் பார்த்துக்கொள்ளும் ஸ்பானிய அம்மா வெங்காயம் வாங்க வந்தார். யாரோ அண்ணன் கதையை அவருக்கும் சொன்னார்கள். அவர் கொஞ்சம் பார்த்தார், சிரித்தார், எல்லாருக்கும் விளங்கும் பிரெஞ்சில் சொன்னார்: "அண்ணனா? அவள் தேடுவது தொலைந்துபோன தன் கழுதையை!"

முதலாளி என்னைத் திரும்பிப் பார்த்தார். கடையில் நின்ற எல்லாரும் பார்த்தார்கள். வேலை போய்விட்டதென்றே முடிவு செய்தேன். அவமானம்தான் கூடுதலாகச் சுட்டது. அண்ணனை ஊரில் விட்டுவந்த செல்வம், அந்தப் படத்தை மூன்று தரம் பார்த்தவன், அந்த அம்மாவை ஏற இறங்கப் பார்த்துவிட்டு என்னிடம் திரும்பினான்.

"அவவுக்குப் பாஷை தெரியும் அண்ணை, கதை தெரியாது. கழுதைக்கு ஆரும் இப்பிடி அழுவினமோ? நீங்கள் இதை எனக்கு இன்னொருக்காத் தாங்கோ."

வாடகை வருகிறதே என்று முதலாளி தட்டை என்னிடமே விட்டுவிட்டார், வேலை தப்பியது. ஆனால் எஸ்தெலா தன் வாழ்நாளில் என்னென்ன படங்களில் நடித்தாள் என்று யாராவது கேட்டால், அத்தனை படங்களையும் ஓட்டிய எனக்கு ஒன்றுமே தெரியாது.