சூடான பூசணியும் மிக்ஸி மூடியும்

மகளின் பிறந்தநாளுக்கு, உள்ளே காய்கறியும் சீஸும் வைத்த பாஸ்தாவை வீட்டிலேயே செய்ய ஆசைப்பட்டேன். கீரமங்கலம் சந்தையில் வாங்கிய மஞ்சள் பூசணியையும் பாலக்கீரையையும் வேகவைத்தேன். பிள்ளைகள் வரும் நேரமாகிவிட்டதால், ஆறும்வரை பொறுக்காமல் சூட்டோடு மிக்ஸியில் போட்டு ஓடவிட்டு, அதன்மேல் குனிந்து நின்றேன்.

அருகில் மாவு தேய்த்துக்கொண்டிருந்த நாத்தனார் செல்வி, மூடியின் ஓரத்தில் ஆவி சீறுவதைப் பார்த்துவிட்டாள். “அண்ணி, இங்கிட்டு வாங்க!” என்று என் தோளைப் பிடித்து இழுத்தாள். அதே நொடியில் மூடி தெறித்து, கொதிக்கும் விழுது சுவரெல்லாம் அடித்தது. மிக்ஸியை அணைக்கக் கை நீட்டிய செல்வியின் முழங்கையிலும் பட்டது.

அவள் கையைக் குழாய்த் தண்ணீரில் காட்டியபடி அழுதேன். “ஒங்க கண்ணு தப்பிச்சுச்சே, அது போதும் அண்ணி. மிச்சத்த ஆற வைங்க, பிள்ளைக்குச் செஞ்சு குடுப்போம்” என்றாள். ஆறிய விழுதில் சீஸைத் துருவிப்போட்டு, தேய்த்த மாவில் வைத்து, சோமாசி போல மடித்து வேகவைத்தோம். பிள்ளைகள் மிச்சமில்லாமல் சாப்பிட்டார்கள்.

இப்போதெல்லாம் வெந்த காயைத் தட்டில் பரப்பி, நன்றாக ஆறிய பிறகே அரைக்கிறேன். நேரில் நன்றி சொன்னால், “போங்க அண்ணி” என்று செல்வி பேச்சை மாற்றிவிடுகிறாள். அவள் விடாமல் படிக்கும் பத்திரிகை இது என்பதால் இங்கே எழுதுகிறேன்.