என் தோப்புக்கு மேல போற கம்பி

கொழிஞ்சாம்பாறைப் பக்கம் என் தென்னந்தோப்புக்கு மேல மின்சாரக் கம்பெனி டவர் லைன் இழுக்க வந்தப்போ, பாலக்காட்டுக் கோர்ட்ல கேஸ் போட்டேன். "எர்ணாகுளம் ஹைகோர்ட்லயும் ஒண்ணு போட்டு வைக்கலாங்க மாமா, எங்கயாவது தடை கிடைக்கும்"னான் என் மனைவியோட தம்பி. எனக்கு மலையாளம் சரியா வராது. வக்கீல்கிட்ட எல்லாத்தையும் அவன்தான் பேசுவான்.

"பாலக்காட்டுக் கேஸை ஹைகோர்ட்டு வக்கீல்கிட்டச் சொல்லிட்டியா?"

"சொல்லிட்டனுங்க, நீங்க கம்முனு இருங்க."

ஹைகோர்ட்ல கம்பெனி வக்கீல் அதைத்தான் கிளப்பினார். ஒரே விஷயத்துக்கு ரெண்டு கோர்ட்டு, அதையும் மறைச்சிருக்கார்னு ஜட்ஜ் தள்ளுபடி பண்ணிட்டார். "என்கிட்ட ஏன் சொல்லலை?"ன்னு எங்க வக்கீலே என்மேல எரிஞ்சு விழுந்தார். அந்த உத்தரவைக் கம்பெனி காட்டினதுல பாலக்காட்டுலயும் தடை கிடைக்கலை.

கோர்ட்டு வராந்தாவுல மச்சினனைப் பிடிச்சு நிறுத்தினேன். அவன் செருப்பைப் பார்த்துக்கிட்டே, "டவரு யார் தோப்புலயாவது வந்துதானே ஆகோணும் மாமா"ன்னான்.

அப்பத்தான் எனக்கு உறைச்சுது. என் தோப்புக்குத் தடை கிடைச்சிருந்தா, லைன் என் தோப்பை ஒட்டி இருக்கற அவன் தோப்பு வழியாத் திரும்பியிருக்கும். பாவி, கூடவே பஸ்ல வந்தானே!

எங்க ஊட்டுக்கு அவன் வந்தா, இன்னைக்கும் என் மனைவி கோழி அடிச்சுக் கொழம்பு வைக்கறா. மழை பேஞ்சா கம்பி முனகும். "என்னங்க சத்தம்?"னு கேப்பா. கரண்டுன்னு சொல்லிருவேன். உன் தம்பின்னு எந்த வாயால சொல்றது?