அக்கா போட்ட நாற்காலிகள்

என் அக்கா வீட்டுக்காரர் ஃப்ரிட்ஜ் மெக்கானிக். 'என்ன கோளாறு?' என்று யாரையும் கேட்கமாட்டார். ஸ்குரூவைக் கழற்றிவிட்டுத்தான் மறுபேச்சு. கைராசிக்காரர் என்பதால் வாடிக்கையாளர்களும் பொறுத்துக்கொண்டார்கள்.

அவரும் அக்காவும் ஒரு கம்ப்யூட்டர் விளையாட்டே கதி என்று கிடந்தார்கள். யாரோ ஒரு தம்பி அதைத் தன் இஷ்டத்துக்கு மாற்றி, பலபேர் கூடி ஆடும்படி சொந்த சர்வரில் ஓட்டிவந்தான். வாடகை வீட்டில் ஆணி அடிக்கக்கூட அனுமதி இல்லாத அக்கா, அங்கே ஒரு வீடு கட்டினாள். நாற்காலி, விளக்கு, திரைச்சீலை என்று ஒவ்வொன்றையும் தானே வரைந்து வைத்தாள்.

புற்றுநோய் அவளைக் கொண்டுபோய்விட்டது. அதன்பிறகும் அத்தான் தினமும் விளையாட்டுக்குள் அந்த வீட்டு வாசல்வரை போவார். உள்ளே போக மனம் வராது. சன்னலில் விளக்கு எரிவதைப் பார்த்துவிட்டுத் திரும்பிவிடுவார்.

ஒருநாள், சர்வரை மூடப்போவதாக அறிவிப்பு வந்தது.

"வீட்டை எடுத்துத் தரமுடியுமான்னு அந்தத் தம்பிகிட்ட ஒரு வார்த்தை கேளுங்க அத்தான்" என்றேன்.

"அவனை எதுக்குடா கேக்கணும்? எல்லாம் நம்ம கம்ப்யூட்டர்லதான் வந்து இறங்குது. பிரிச்சு எடுத்துடலாம்."

"ஒரு படமாவது புடிச்சு வைங்க."

"வீடே வரப்போகுது, படம் எதுக்கு?"

வாயைத் திறந்து கேட்டால் முத்து உதிர்ந்துவிடுமா? எங்கிருந்தோ கோப்புகளை உருவும் புரோகிராம் ஒன்றை இறக்கி ஓட்டினார். சர்வரின் காவல் அவரைத் திருடன் என்று முடிவுகட்டி, வெளியே தள்ளிப் பூட்டிவிட்டது. கெஞ்சி எழுதினார். அதை அந்தத் தம்பி பார்ப்பதற்குள் எல்லாம் முடிந்திருந்தது.

"கேட்டிருந்தா முழு வீட்டையும் எடுத்துக் குடுத்திருப்பேனே அண்ணே. இப்ப எல்லாத்தையும் அழிச்சிட்டேனே" என்று ஃபோனில் அழாத குறையாகச் சொன்னான்.

அத்தான் உருவியதில் கிடைத்தவை சாமான்கள் மட்டுமே. எது எங்கே இருந்தது என்ற கணக்கு சர்வரிலேயே இருந்திருக்கிறது. அது நம் கம்ப்யூட்டரில் தங்குவதில்லையாம்.

நேற்று அத்தான் வீட்டுக்குப் போயிருந்தேன். கம்ப்யூட்டரில் வெறும் தரை. வீடு மாற்றிய அன்று இறக்கிப்போட்ட சாமான்போல நடுவில் எல்லாம் குவிந்து கிடந்தன. அத்தான் இரண்டு நாற்காலிகளை எதிரெதிரே வைத்தார். பிறகு பக்கத்தில் பக்கத்தில் வைத்தார். மறுபடி கலைத்தார்.

"எப்படிடா போட்டிருந்தா?"

"அக்கா இருந்தப்ப தினமும் அதுல உக்காந்தீங்களே அத்தான்?"

"உக்காந்தேன். நாற்காலியையா பார்த்தேன்? அவளைத்தானே பார்த்துக்கிட்டிருந்தேன்."