பிளாஸ்டிக் மக் வழக்கு

போலீஸ் ஸ்டேஷனுக்கு எதிரே, ஜெராக்ஸ் கடை ஓரத்தில் கம்ப்யூட்டர் வைத்துப் புகார் மனு அடித்துக் கொடுப்பவருக்குத் தெருவில் 'கொலைமிரட்டல்' என்று பெயர். அவர் கைராசி அப்படி. மாமியார் முறைத்தாள் என்று போய் நின்றால், 'கொடூரப் பார்வையுடன் வழிமறித்து' என்று அடிப்பார். யார் புகாராக இருந்தாலும் கடைசியில் 'உன்னை உயிரோடு விடமாட்டேன் என்று மிரட்டினார்' என்ற வரி தானாக வந்து உட்கார்ந்துகொள்ளும். அது இல்லாவிட்டால் போலீஸ்காரர் மனுவைத் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டாராம். இவர் புண்ணியத்தில் பேச்சை நிறுத்திக்கொண்ட குடும்பங்கள் அங்கே ஏராளம். அதற்காக மகானுக்கு ஒரு நாளும் தூக்கம் கெட்டதில்லை.

கெட்டது சொந்த அக்காவால். கீழ்வீட்டில் இவர், மாடியில் அக்கா. அம்மா போனபின் இவரை வளர்த்து ஆளாக்கியவள் அவள்தான். ஒருநாள், அவள் துவைத்துக் காயப்போட்டிருந்த தலையணை உறையை எடுத்து இந்த மனுஷன் பைக் செயினைத் துடைத்து வைத்தார். அக்காவுக்கு வந்ததே கோபம்! கையிலிருந்த பிளாஸ்டிக் மக்கை விட்டெறிந்தாள். தோளில் பட்டு விழுந்தது. ஒரு கீறல்கூட இல்லை. ஆனால் தெருவே பார்த்துச் சிரித்துவிட்டதே, ஐயாவுக்கு ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது. நேராகக் கடைக்குப் போய் உட்கார்ந்தார். பழக்கதோஷத்தில் விரல்கள் ஓடின. மக் 'கனமான ஆயுதம்' ஆனது. கடைசி வரியும் வழக்கம்போல் வந்து சேர்ந்தது. அதே சூட்டில் மனுவை எதிரே ஸ்டேஷனில் கொடுத்துவிட்டார்.

மறுநாளே கோபம் ஆறிவிட்டது. வாபஸ் வாங்கப் போனவரை, இனி கோர்ட்டில் பார்த்துக்கொள் என்று ஸ்டேஷனில் விரட்டினார்கள். மாடிக் கதவு சாத்திக்கொண்டது. படியில் எதிரே வந்தாலும் அக்கா சுவரைப் பார்த்துக்கொண்டு போனாள். அவள் ஒரு வார்த்தை பேசினால் போதும் என்று ஏங்கிப்போனார்.

விசாரணையன்று மக் மேஜைமேல் இருந்தது. நீதிபதி அதைத் தூக்கிப் பார்த்து, இதுதான் ஆயுதமா என்று கேட்டார். கோர்ட்டே சிரித்தது. அக்கா சிரிக்கவில்லை.

"எறிஞ்சது நான்தாங்க ஐயா. ஆனா இவனைக் கொல்லுவேன்னு நான் எப்பங்க சொன்னேன்?"

நீதிபதி இவரைப் பார்த்தார்.

"அது... எல்லாருக்கும் போடுற வரிங்க" என்றார் இவர்.

உங்கள் வீட்டுக் குப்பையைக் கொட்டக் கோர்ட் என்ன தொட்டியா என்று வாங்கு வாங்கென்று வாங்கிவிட்டு, நீதிபதி வழக்கைத் தள்ளுபடி செய்தார்.

இவருக்கோ தலை கால் புரியவில்லை. கோர்ட்டே ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டது, அக்காவுக்கு மட்டும் இனி என்ன வந்தது! பைக்கைக் கிளப்பிக்கொண்டு வந்து கோர்ட் வாசலில் நின்ற அக்கா பக்கத்தில் நிறுத்தினார். எல்லாம் முடிந்துவிட்டது, ஏறிக்கொள், வீட்டுக்குப் போகலாம் என்றார்.

அத்தனை நாளுக்குப் பிறகு அக்கா அவர் முகத்தைப் பார்த்துப் பேசினாள்.

"உன்கூடத் தனியா வரப் பயமா இருக்குடா. வழியில நான் என்ன செஞ்சேன்னு எழுதுவியோ, யாரு கண்டா?"

பஸ் வந்தது. கூட்டத்தோடு கூட்டமாக ஏறிப் போய்விட்டாள்.