ஊர்வலத்தில் விழுந்த போலீஸ்காரன்

ஆர்லோ ஹாஸ்கினுக்கு ஓர் இடத்தில் உட்காரத் தெரியாது. சாப்பாட்டு மேசைக்கு அடியிலும் கால் ஆடிக்கொண்டே இருக்கும். பள்ளிக்கூடம் துரத்தியது, வேலை கொடுத்த கடைகளும் துரத்தின. கடைசியில் லாஸ் ஏஞ்சல்ஸில் ஊமைச் சிரிப்புப் படம் எடுப்பவர்கள்தான் அந்தக் காலுக்குச் சம்பளம் கொடுத்தார்கள். தொளதொளத்த போலீஸ் உடுப்பில் ஓட வேண்டும், விழ வேண்டும், எழுந்து மறுபடி விழ வேண்டும்.

அப்பாவிடம் மட்டும் ஆரஞ்சு கம்பெனியில் கணக்கு எழுதுவதாகச் சொல்லியிருந்தான். சினிமாக்காரனுக்கு வாடகை வீடு கூடக் கொடுக்காத ஊர் அது. மகன் உருப்பட்டுவிட்டான் என்று அப்பா சர்ச்சில் எல்லோரிடமும் பெருமையடித்துக்கொண்டிருந்தார். அவருக்குத் தெரிந்துவிடுமோ என்று ஆர்லோ எந்நேரமும் பயந்துகொண்டே இருந்தான்.

ஊர்வலம் என்றால் டைரக்டர் பிரிக்ஸுக்குக் கொண்டாட்டம். கூலி கேட்காத கூட்டமல்லவா! சொல்லாமல் கொள்ளாமல் கேமராவோடு புகுந்துவிடுவார். அன்றும் புகுந்தார்கள். சர்ச் பேண்டு குழு தெருமுனையில் திரும்பியது. வயிற்றில் பெரிய டிரம்மைக் கட்டிக்கொண்டு முன்னால் வந்தவர் அப்பா.

"அந்த டிரம்முக்குள்ள தலைய விடுடா!" என்றார் பிரிக்ஸ்.

"வேற யாரையாவது அனுப்புங்க சார். எனக்கு வயித்து வலி."

"விழறதுக்கு ஆளு ஸ்டூடியோ வாசல்ல வரிசையா நிக்கறான். ஓடுறியா, வீட்டுக்குப் போறியா?"

ஆர்லோ ஓடினான். டிரம்முக்கு ஒரு முழம் இருக்கையில் விலகப் பார்த்தான். எவனோ குடிகாரப் போலீஸ்காரன் என்று நினைத்த அப்பா, டிரம் குச்சியால் மண்டையில் ஒரு போடு போட்டார். தொப்பி பறந்தது.

"ஆர்லோ?"

கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. தெருவுக்கு அந்தப் பக்கம் கேமரா ஓடிக்கொண்டிருந்தது.

"அப்பா, வீட்டுக்கு வந்து எல்லாம் சொல்றேன்ப்பா."

"இதுதான் நீ எழுதற கணக்காடா?"

"விழுடா, விழு!" என்று பிரிக்ஸ் எதிர்ப்பக்கத்திலிருந்து கத்தினார்.

அப்பாவின் முகத்தைப் பார்த்துக்கொண்டு அங்கே நிற்பதைவிட விழுவது எத்தனையோ மேல். கால் இரண்டும் வானத்துக்குப் போக, தடாலென்று மல்லாந்தான். அவ்வளவு அழகாக அவன் அதுவரை விழுந்ததே இல்லை.

அப்பா மகனின் கையை மிதித்துவிடாமல் பார்த்து, அவனைத் தாண்டிக் காலெடுத்து வைத்தார். டிரம் விட்ட இடத்திலிருந்து முழங்கத் தொடங்கியது. அதற்குத்தான் கூட்டம் எல்லாவற்றையும்விட அதிகமாகச் சிரித்தது.

பிரிக்ஸ் மூச்சிரைக்க ஓடிவந்து அவனைத் தூக்கிவிட்டார்.

"யாருடா அந்தப் பெரியவர்? என்னமா தாண்டினார்! நாளைக்கே கூட்டிட்டு வா. உனக்குத் தெரிஞ்சவரா?"

டிரம் சத்தம் அடுத்த தெருவுக்குள் போய்க்கொண்டிருந்தது. ஆர்லோ உடுப்பைத் தட்டிவிட்டுக்கொண்டான்.

"தெரியாது சார்," என்றான். "யாரோ."