சும்மாப் பிரிவுக்கு வந்த சோதனை

காலக் காப்புக் கழகத்தின் மாடியில், படிக்கட்டை ஒட்டிய சின்ன அறைதான் சும்மாப் பிரிவு. ஒரு நாற்காலி, ஒரு ஜன்னல், சுவரை அடைத்த அலமாரி, அலமாரி நிறையக் கண்ணாடிச் சீசாக்கள். பிரிவில் வேலை பார்ப்பவர் ஒரே ஒருவர். கழகத்தில் எல்லோரும் அவரைச் சும்மாக்கா என்றுதான் கூப்பிடுவார்கள்.

அவருடைய வேலை இதுதான். காலையில் வந்து ஒரு சீசாவைத் திறந்து பக்கத்தில் வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும். தூங்கக் கூடாது; தூக்கத்துக்குக் கீழ்த்தளத்தில் தனிப் பிரிவு இருக்கிறது. யாரையும் எதிர்பார்க்கவும் கூடாது. எதிர்பார்த்தால் அது காத்திருப்புப் பிரிவின் சரக்காகிவிடும், அவர்கள் சண்டைக்கு வருவார்கள். ஒரு மணி நேரம் ஆனதும் உதவியாளர் பெண் பூனை போல வந்து சீசாவை மூடி எடுத்துப் போவாள். உள்ளே அந்த ஒரு மணி நேரம் கெடாமல் இருக்கும்.

சரக்கு சுத்தமா என்று பார்க்க ஒரு வழி வைத்திருந்தார்கள். எதிர் அறை அவசரப் பிரிவு. அதன் தலைவர் எப்போது பார்த்தாலும் காலில் வெந்நீரைக் கொட்டிக்கொண்டவர் போலத் துடிப்பார்; பெயரே வெந்நீர் சார் என்று ஆகிவிட்டது. உட்கார்ந்தாலும் அவர் கால் ஆடும். அவர் முன்னால் சீசாவைத் திறந்து, அந்தக் கால் ஆட்டம் நின்றால் சரக்கு சுத்தம்.

சும்மாக்கா இந்த வேலைக்கு வந்ததே ஒரு கூத்து. அதற்கு முன்பு துணிக்கடையில் கல்லாவில் இருந்தார். நேர்முகத் தேர்வுக்குப் போனால் கேள்வியே இல்லை. “பேசாம உட்காருங்க” என்று மட்டும் சொல்லி வந்தவர்களை வரிசையாக உட்கார வைத்தார்கள். ஒருவர் நகம் கடித்தார். ஒருவர் மனசுக்குள் பாட்டுப் பாடி உதட்டால் காட்டிக்கொடுத்துக்கொண்டார். சும்மாக்கா மட்டும், காற்றில்லாத நாளில் கொடியில் கிடக்கும் துணி போல இருந்தார்.

வேலை கிடைத்த செய்தியை மாமியாரிடம் சொன்னபோது அந்த அம்மாளுக்குப் புரியவில்லை.

“சும்மா இருக்கறதுக்கு எதுக்கும்மா அவ்வளவு தூரம் போகணும்? இங்கயே இருக்கலாமே.”

“இங்க யாரு அத்தை விடறீங்க?”

அது நிஜம்தான். வீட்டிலோ, கடையிலோ, சொந்தக்காரர்கள் நடுவிலோ யாராவது அவரிடம் எதையாவது கேட்டுக்கொண்டே இருப்பார்கள். உலகத்தில் அந்த ஒரு நாற்காலியில்தான் யாரும் அவரை எதுவும் கேட்டதில்லை.

எல்லாம் நன்றாகத்தான் போய்க்கொண்டிருந்தது, கணவர் ஓய்வு பெறும் வரை. அவர் பஸ் டிப்போவில் நேரக் காப்பாளர். ஒரு பஸ் கொஞ்சம் தாமதித்தாலும் விசில் ஊதி ஊரைக் கூட்டுகிறவர். ஓய்வு கிடைத்தது அவருக்குத்தான், அவருடைய அவசரத்துக்கு இல்லை. அது நேரே சமையலறைக்குள் போய்ப் புகுந்துகொண்டது.

“என்னங்க, உப்பு எங்க?”

“அடிக்கடி எடுக்கற சாமானெல்லாம் வாசலுக்குப் பக்கத்துல வச்சுட்டேன். டிப்போ முறை.”

“உப்பு எங்கன்னு கேட்டேன்.”

“செருப்பு ஸ்டாண்டு மேல.”

அன்றிலிருந்து சும்மாக்காவின் உடம்பு நாற்காலியில் இருந்தாலும் மனசு சமையலறையிலேயே சுற்றியது. இந்த நேரம் சர்க்கரை எங்கே போயிருக்கும்? சீசாக்கள் திரிந்துபோயின. சோதனையில் ஒன்றைத் திறந்தபோது வெந்நீர் சாரின் கால் நிற்கவில்லை. பக்கத்திலிருந்த கழக இயக்குநர் வேறு எழுந்து போய் அலமாரியை ஒழுங்குபடுத்த ஆரம்பித்துவிட்டார்.

தூசித் துணியைக் கீழே வைத்த பிறகுதான் இயக்குநருக்கு விஷயம் உறைத்தது. “அடுத்த சோதனையிலயும் இப்படின்னா பிரிவை மூடிடுவாங்கம்மா. அறை அவசரப் பிரிவுக்குப் போயிடும். அவங்களுக்கு ஓட இடம் பத்தலையாம்.”

“அப்ப நான்?”

“காத்திருப்புப் பிரிவுல இடம் இருக்கு.”

“நாள் பூரா வாசலையே பார்த்துக்கிட்டு இருக்கணுமே சார். எனக்கு அது வராது.”

வீட்டில் இதைச் சொன்னதும் கணவர் சட்டையை மடித்துவிட்டுக்கொண்டார். “இவ்வளவுதானே? நான் அட்டவணை போட்டுத் தரேன். முதல்ல ஜன்னலைப் பாரு. அப்புறம் சுவர். நடுவுல ஒரு இடைவேளை.”

“இடைவேளையில என்ன பண்றது?”

“ஏதாவது வேலை பாரு.”

சோதனை நாள் வந்தது. சோதனைக் குழுவினரும் வெந்நீர் சாரும் தாழ்வாரத்தில் நாற்காலி போட்டு உட்கார, சும்மாக்கா உள்ளே சீசாவைத் திறந்து உட்கார்ந்தார். வெகு நேரம் மனசு சர்க்கரை டப்பாவைத் தேடி அலைந்தது. ஜன்னலுக்கு வெளியே ஒரு மேகம் எங்கும் போகிற உத்தேசமில்லாமல் நின்றது. அதைப் பார்த்து மனசும் மெல்ல நிற்கப் பார்த்த சமயத்தில் கதவு படாரென்று திறந்தது. கையில் சாப்பாட்டுப் பை, மேல்மூச்சு கீழ்மூச்சு வாங்க, கணவர்.

“சாப்பாட்டை விட்டுட்டுப் போயிட்டியே!”

“மத்தியானச் சாப்பாடுதானேங்க? இப்பதானே விடிஞ்சிருக்கு.”

“லேட்டாயிடுச்சுன்னா? சரி, நேரமாச்சு, வரேன்.”

“எங்க போகணும் உங்களுக்கு?”

“எங்கயும் இல்ல. ஆனா நேரமாச்சு!”

வந்த வேகத்தில் போய்விட்டார். பின்னாலேயே உதவியாளர் பெண் வந்தாள். ஒரு மணி நேரம் ஆகியிருந்தது; விதி விதிதான், சீசாவை மூடி எடுத்துப் போனாள்.

தாழ்வாரத்தில் அதைத் திறந்த மறுகணம் குழு முழுவதும் எழுந்துவிட்டது. ஒருவர் பாதிப் படிக்கட்டு இறங்கிய பிறகு நின்று, “நான் எங்க போறேன்?” என்று மேலே பார்த்துக் கேட்டார். இயக்குநர் அறைக்குள் எட்டிச் சும்மாக்காவைப் பரிதாபமாகப் பார்த்தார். சும்மாக்கா நாற்காலியின் குஷனை எடுத்துப் பையில் வைக்கத் தொடங்கினார்.

வெந்நீர் சாரின் கண் மட்டும் கலங்கியிருந்தது. “இது யாரோடதும்மா?”

“மன்னிச்சிடுங்க சார். எங்க வீட்டுக்காரரோடது.”

“என்கிட்ட இருக்கறதெல்லாம் ஏதோ ஒண்ணுக்காகப் பட்ட அவசரம். ரயிலுக்கு, பரீட்சைக்கு, பாத்ரூமுக்கு. எதுக்குமே இல்லாத அவசரத்தை நான் தேடாத இடமில்ல! அவரை எனக்குக் கொடுத்துடுங்க.”

துணிக்கடைக் கல்லாவில் உட்கார்ந்தவருக்கு வியாபாரம் மறந்துவிடுமா? குஷனைப் பையிலிருந்து வெளியே எடுத்தார் சும்மாக்கா. “தாராளமா எடுத்துக்கோங்க சார். ஆனா அறை எனக்கு.”

“அறை யாருக்கு வேணும்? அந்த மனுஷனை அறைக்குள்ள அடைக்க முடியுமா? தாழ்வாரம் போதும்.”

இயக்குநர் தொண்டையைச் செருமினார். “இருந்தாலும் சோதனை சோதனைதான். நாளைக்கு ஒரு சீசா. அதுவும் திரிஞ்சா நான் ஒண்ணும் பண்ண முடியாதும்மா.”

மறுநாள் மனைவிக்கு முன்பே கிளம்பி ஓடிவிட்டார் புது ஊழியர். தாழ்வாரத்தில் அவர் குரல் கேட்டது. “வழி விடுங்க, வழி விடுங்க!”

“எங்க சார் போறீங்க?”

“அதெல்லாம் அப்புறம்!”

சும்மாக்கா கதவைச் சாத்திவிட்டு உட்கார்ந்தார். வீட்டுச் சமையலறையில் இப்போது ஆளில்லை. வைத்தது வைத்த இடத்தில் இருக்கும். கொஞ்ச நேரத்தில் அந்த நினைப்பும் விலகிப் போனது. ஜன்னல் கம்பியில் வெயில் பட்டு, சுவரில் கோடுகள் விழுந்தன. கோடுகள் மெல்ல நகர்ந்தன. சீசா எப்போது பக்கத்திலிருந்து போனதென்று அவருக்குத் தெரியாது.

இயக்குநர் உள்ளே வந்தபோது அவர் நடையிலேயே ஒரு சாவகாசம் இருந்தது. ஜன்னல் ஓரம் சாய்ந்து, சொல்ல வந்ததைச் சொல்லாமல் ரொம்ப நேரம் வெளியே பார்த்துக்கொண்டு நின்றார்.

“வெந்நீர் சாரோட கால் நின்னுடுச்சும்மா” என்றார் கடைசியில். “இன்னும் ஆட ஆரம்பிக்கல. பாஸாயிட்டீங்க.”

சும்மாக்கா மெதுவாகத் திரும்பினார்.

“எதுல சார்?”