பனியனில் கட்டிய பாலங்கள்

நான் திருப்பூரில் முதலிபாளையம் பக்கம் ஒரு பனியன் கம்பெனியில் மெர்ச்சண்டைசராக இருக்கிறேன். சரக்கு வாங்கும் வெளிநாட்டுப் பையர் கேட்பதை உள்ளே இருப்பவர்களுக்கும், உள்ளே நடப்பதைப் பையருக்கும் கோபம் வராதபடி எடுத்துச் சொல்வது என் வேலை. இத்தனை வருஷத்தில் டைனோசர், விண்வெளி, வாழைப்பழம், கண்ணாடி போட்ட பூனை என்று குழந்தைகளின் நெஞ்சில் என்னென்னவோ அச்சடித்து அனுப்பியிருக்கிறோம். போன வருஷம் பாலம் வந்தது.

பையர் ஸ்காட்லாந்துக்காரப் பெண்மணி. எங்களோடு பல வருஷப் பழக்கம். ஆண் குழந்தை, பெண் குழந்தை இருவருக்குமாக மூன்று டிசைன் அனுப்பியிருந்தார். உலகத்திலேயே நீளமான பாலம், சீனாவில் இருப்பது. ரயில் போகும் பாலங்களில் உலகத்திலேயே உயரமானது, நம் காஷ்மீரத்துச் செனாப் பாலம். மூன்றாவது, பழைய காலத்து ரயில் பாலம் ஒன்று. அது அவருடைய ஊர்ப் பக்கத்து ஃபோர்த் கழிமுகத்துப் பாலமாக இருந்ததை நான் தற்செயல் என்றுதான் எடுத்துக்கொண்டேன். துணி வெட்ட அளவுமாதிரி வரைந்து தரும் எங்கள் பேட்டர்ன் மாஸ்டர் அப்படி எடுத்துக்கொள்ளவில்லை.

மாஸ்டருக்குப் பாம்பன் பக்கத்துக் கடற்கரை ஊர். திருப்பூருக்கு வந்து பாதி வாழ்க்கை ஓடிவிட்டது. பெண்டாட்டி இங்கே, பிள்ளைகள் படிப்பது இங்கே, ஞாயிற்றுக்கிழமை சர்ச் இங்கே. ஆனாலும் வாயைத் திறந்தால் அவர் பேச்சில் இன்னும் உப்புக்காற்று அடிக்கும். டிசைன்களை என் கம்ப்யூட்டரில் பார்த்ததும் முதலில் கேட்டது, "எங்க பாலம் எங்க மேடம்?" என்றுதான்.

"உங்க பாலத்தை அவங்க கேக்கலையே மாஸ்டர்."

"பழைய ரயில் பாலம்னு போட்டுருக்காகல்ல? கடலுக்கு மேல போற பாலம் மேடம் எங்களுது. நடுவுல தெறக்கும். ரெண்டு பக்கமும் ஆளுக நின்னு கையாலேயே சுத்தித் தூக்குவாக. கப்பல் போகும். இந்தம்மா அவுக ஊரு பாலத்த மட்டும் சேத்துக்கிட்டாக!"

முதலாளி அப்போதுதான் உள்ளே வந்தார். பல்லடத்து நெசவுக் குடும்பம். எந்த சாம்பிள் தைத்தாலும் முதல் பீஸை அவர் அறையில் இருக்கும் முருகன் படத்துக்கு முன்னால் ஒரு நிமிஷம் வைத்துவிட்டுத்தான் கூரியருக்கு விடுவார். ஃபோர்த் பாலத்தைக் கண்ணாடியை ஏற்றி இறக்கிப் பார்த்தார்.

"ஏனம்மிணி, இது பாலமுங்களா? மூணு ஒட்டகம் வரிசையாப் படுத்திருக்கறமாட்டம் இருக்குது."

"ரயில் பாலமுங்க. ரொம்பப் பழசு."

"நல்லாருக்குது. ஒட்டகத்து மேல ரயில் உட்டிருக்கறானுக."

வேலை ஆரம்பித்தது. உயரமான பாலம் முதலில் தகராறு செய்தது. டிசைன்படி ரயில் கழுத்துக்குக் கீழே ஓட வேண்டும், ஆறு பனியனின் அடி ஓரத்தில் ஓட வேண்டும். பத்து வயதுக் குழந்தைக்கு அது கம்பீரமாக இருந்தது. இரண்டு வயதுக் குழந்தையின் அளவுக்குச் சுருக்கியபோது ஆற்றுக்கும் ரயிலுக்கும் நடுவே ஒரு சாண்கூட இல்லை. உலகத்தின் உயரமான பாலம் சாக்கடை மேல் போட்ட பலகை மாதிரி ஆகிவிட்டது. முதலாளி தன் பேத்தியை நினைத்துக்கொண்டு, "எம்பேத்தி ரெண்டு இட்லி தின்னாப் போதுமுங்க. ஆத்துல வெள்ளம் வந்துரும்" என்றார். கடைசியில் சின்ன அளவுகளுக்கு மலையை எடுத்துவிட்டு வளைவை மட்டும் வைத்துக்கொள்ளப் பையர் சம்மதித்தார்.

நீளமான பாலம் அதைவிட மோசம். முன்பக்கம் தொடங்கி, இடுப்பைச் சுற்றி, முதுகு வழியாக மறுபடி முன்னால் வந்து சேர வேண்டும். எங்கேயும் அறுபடக் கூடாது. முன்துணியும் பின்துணியும் தனித்தனியாக அச்சாகி வந்து, பக்கவாட்டில் தைக்கும்போதுதான் ஒன்றுசேரும். பின்னலாடைத் துணி இழுத்த இழுப்புக்கு வரும். ஒரு பீஸில் முன்னால் வந்த பாலம் பின்னால் ஒரு விரல் கீழே இறங்கியது. இன்னொன்றில் ஒரு விரல் மேலே ஏறியது. ரயில் அதில் போனால் விலாப் பக்கம் கவிழ்ந்திருக்கும். தைத்த பீஸ்களைச் சரிபார்க்கும் செக்கிங் பெண்கள் மாஸ்டரைப் பார்த்து, "இன்ஜினியர் சார், பாலம் இன்னிக்கும் உடைஞ்சிருச்சுங்க" என்று கூவ ஆரம்பித்தார்கள்.

அதற்குக் கிடைத்த தீர்வு எளிமையானது. தையல் வரும் இடத்தில் தடியாக ஒரு தூணை நிறுத்திவிட்டோம். ஒரு விரல் ஏற்ற இறக்கம் தூணுக்குப் பின்னால் மறைந்துபோனது. அந்த யோசனை யாருடையது என்பதுதான் இன்றுவரை தீராத வழக்கு. முதலாளி தான் சொன்னதாகச் சொல்கிறார். மாஸ்டர் தான் சொன்னதாகச் சொல்கிறார். இருவரும் ஒரே நேரத்தில் சத்தம் போட்டுக்கொண்டிருந்தார்கள். எனக்குக் கேட்டது "தூணு" என்ற சொல் மட்டும்.

மூன்று சாம்பிளும் தயாராகி கூரியருக்குப் போகிற அன்று, மாஸ்டர் நான்காவதாக ஒரு பனியனை என் மேஜையில் வைத்தார். மத்தியானச் சாப்பாட்டு வேளைகளில் யாருக்கும் தெரியாமல் வெட்டித் தைத்திருக்கிறார். நீலக் கடல், அதன்மேல் நீளமாக ஒரு பாலம், நடுவில் கதவு மாதிரி இரண்டு சின்னத் துணி மடிப்புகள். அவற்றை இரண்டு பக்கமும் திறந்தால் உள்ளே சிவப்பும் வெள்ளையுமாக ஒரு கப்பல்.

நான் திறந்தேன். மூடினேன். மறுபடி திறந்தேன். கைக்கு வேறு வேலை இருப்பதே மறந்துபோனது.

"மாஸ்டர், இது அவங்க கேக்காத சாம்பிள்."

"கேக்காட்டி என்ன மேடம்? பார்சல்ல ஓரமா ஒரு எடம் இல்லாமயா போச்சு?"

முதலாளியும் திறந்து மூடிப் பார்த்தார். அவர் முகத்தில் சிரிப்பு வந்துவிட்டது. ஆனால் உடனே ஒத்துக்கொண்டால் முதலாளியாக இருப்பதில் என்ன மரியாதை?

"ஏனுங் மாஸ்டர், இப்பத்தான் புதுப்பாலம் வந்துருச்சில்லீங்க? லிஃப்டாட்டம் நேரா மேல போவுதாமா. அதைப் போட்டா ஒரு மடிப்போட முடிஞ்சிருமே. எதுக்கு ரெண்டு?"

மாஸ்டர் முகம் சுருங்கியது. "புதுசு நல்ல பாலந்தேன் மொதலாளி. ஆனா நான் பொறந்து வளந்தது பழசப் பாத்துல்ல?"

முதலாளி அதற்குமேல் வாதாடவில்லை. ஒரே ஒரு நிபந்தனை போட்டார். குழந்தை போடுவதைக் குழந்தைதான் சோதிக்க வேண்டும். பார்சலை அதுவரை நிறுத்திவைத்து, பேத்தியின் அளவுக்கு ஒன்று தைத்துத் தரச் சொன்னார். மடிப்புகளுக்கு மாஸ்டர் வைத்திருந்த பிரஸ் பட்டன் பிய்ந்து வாய்க்குள் போய்விடலாம் என்று நான் மறுத்தேன். ஒட்டிக்கொள்ளும் வெல்க்ரோ வைத்தோம். அதைப் பிரித்தால் "சர்ரக்" என்று ஒரு சத்தம் வரும். நாங்கள் யாரும் அந்தச் சத்தத்தைப் பெரிதாக எண்ணவில்லை.

அந்த வாரம் முதலாளி குடும்பத்தோடு சிவன்மலை முருகன் கோயிலுக்குப் போனார். பேத்தி பாலத்தைப் போட்டுக்கொண்டுதான் வருவேன் என்று பிடிவாதம் பிடித்திருக்கிறாள். தீபாராதனை நேரம், எல்லோரும் கைகூப்பிக் கண்ணை மூடியிருந்தபோது சர்ரக் என்று பாலம் திறந்திருக்கிறது. பூசாரி திரும்பிப் பார்த்திருக்கிறார். பாலம் மூடியிருக்கிறது. மறுபடி சர்ரக். முதலாளி குனிந்து, "கண்ணு, சாமி கும்பிட்டுட்டுத் தொறக்கலாம் சாமி" என்று கெஞ்சியதற்கு, "கப்பல் வருதுங் தாத்தா" என்று ஊருக்கே கேட்கப் பதில் சொல்லியிருக்கிறாள். சுற்றி நின்றவர்கள் சாமியை விட்டுவிட்டுக் கப்பலைப் பார்த்தார்கள் என்று முதலாளியே வந்து சொன்னார். பனியன் துவைக்கப் போனபோது மடிப்புக்குள்ளே பாதிப் பொரி உருண்டையும் ஒரு பொட்டும் இருந்ததாம். வெல்க்ரோ மட்டும் அசையவில்லை. சோதனையில் பாஸ்.

பார்சல் போனது. ஒரு வாரம் மாஸ்டர் தினமும் என் மேஜைப் பக்கம் ஏதாவது ஒரு வேலையை உண்டாக்கிக்கொண்டு வந்தார். ஊசி கேட்டு வந்தார். என்னிடம் எதற்கு ஊசி?

பதில் வந்தபோது மாஸ்டரும் முதலாளியும் பக்கத்தில் இருந்தார்கள், நான் சத்தமாகவே படித்தேன். மூன்று பாலங்களுக்கும் சின்னச் சின்னத் திருத்தம். கடைசியில் ஒரு வரி: நீங்களாக அனுப்பிய அந்த லண்டன் பாலம் அலுவலகத்தில் எல்லோருக்கும் ரொம்பப் பிடித்துவிட்டது, திறந்து திறந்து பார்க்கிறோம், அதையும் சேர்த்துக்கொள்கிறோம்.

லண்டனிலும் நடுவில் பிளந்து மேலே தூக்கும் பாலம் ஒன்று இருப்பது எனக்கு அப்போதுதான் நினைவுக்கு வந்தது.

"லண்டனா?" என்றார் மாஸ்டர்.

முதலாளிக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. "ஆர்டர் வந்துருச்சில்லீங்க மாஸ்டர்! லண்டன்னா என்னங்க, பாம்பன்னா என்னங்க?"

"மாதா சத்தியமாச் சொல்றேன் மொதலாளி, அது லண்டன்னு போகுதுன்னா அந்த பேட்டர்ன நான் கிழிச்சுப் போட்டுருவேன்." சொல்லிவிட்டு வெளியே போய்விட்டார். அன்று டீ இடைவேளையில் அவர் டீயும் குடிக்கவில்லை, பன்னும் தின்னவில்லை. சிரித்துக்கொண்டிருந்த முதலாளிகூடச் சற்று நேரத்தில் என்னிடம் வந்து, குரலைத் தாழ்த்தி, "ஒரு மெயில் போட்டுருங்க அம்மிணி. மனுசன் வாடிப் போயிட்டாரு" என்றார்.

எனக்கும் மனசு கேட்கவில்லை. எழுதினேன். இது லண்டன் இல்லை, எங்கள் தமிழ்நாட்டில் கடல்மேல் போகும் பழைய ரயில் பாலம், எங்கள் பேட்டர்ன் மாஸ்டர் அதைப் பார்த்து வளர்ந்தவர், அவராக யோசித்துத் தைத்தது இது என்று. ஆர்டர் போனால் போகட்டும் என்று எழுதினேன் என்று சொல்ல ஆசைதான். உண்மையில் அனுப்பு பட்டனை அழுத்திவிட்டுப் பயந்துபோய் எழுந்து செக்கிங் பக்கம் நடந்துவிட்டேன்.

மறுநாளே அந்தப் பெண்மணி மன்னிப்புக் கேட்டு எழுதியிருந்தார். தனக்கும் தன் ஊர்ப் பாலத்தை யாராவது லண்டன் என்று சொன்னால் கோபம் வரும் என்றார். பாலத்தின் பெயரைக் கழுத்தின் உட்பக்கம் அச்சடிக்கலாமா, எழுத்துகளைச் சரியாக அனுப்புங்கள் என்றும் கேட்டிருந்தார். மாஸ்டரைக் கூப்பிட்டுக் காட்டினேன். பாம்பன், ஆங்கிலத்தில் ஆறே எழுத்து. அதை அவர் ஒரு துண்டுத் துணியில் சாக்பீஸால் எழுதினார், அழித்தார், மறுபடி பெரிதாக எழுதினார்.

"சரியா இருக்கா மேடம்?"

"உங்க ஊருப் பாலத்துப் பேரு மாஸ்டர். என்னையக் கேக்கறீங்க?"

"இதுக்கு முன்னாடி எழுத வேண்டி வரலியே" என்றார்.

சரக்கு கப்பலேறிய பிறகு, அச்சில் லேசாகப் பிசகி ஒதுக்கிய பீஸ்களை ஒரு கட்டாகக் கட்டிக்கொண்டு மாஸ்டர் ஊருக்குப் போனார். திரும்பி வந்தபோது அவரிடம் அவ்வளவு உற்சாகம் இல்லை. என்ன ஆயிற்று என்று கேட்டோம்.

"எல்லாப் பிள்ளைகளுக்கும் போட்டு விட்டேன் மேடம். எங்க சித்தப்பா வந்து பாத்துட்டு, ரயிலு எங்கடாங்கிறாரு. பாலம் தெறந்து கெடக்குறப்ப ரயிலு எப்படி வரும், கடலுக்குள்ளல்ல போகும்னு சொன்னேன். அப்ப ரயிலு இல்லாத பாலத்த எதுக்குடா ரயில் பாலங்கிறன்னு கேக்குறாரு. ஊரே அவரு பக்கம் சேந்துக்கிருச்சு."

முதலாளி அன்று முழுக்க அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்.

இதெல்லாம் முடிந்த பிறகுதான் எனக்கு அந்தப் பாலத்தைப் பார்க்க வேண்டும் என்று தோன்றியது. நான்கு பாலங்களைக் கட்டி அனுப்பிவிட்டேன், ஒன்றின் மேலும் கால் வைத்ததில்லை. பள்ளிக்கூட லீவில் கணவரையும் மகளையும் கூட்டிக்கொண்டு ராமேஸ்வரத்துக்கு ரயில் ஏறினேன். விடிகிற நேரத்தில் வண்டி பாலத்தில் ஏறும், ஜன்னல் பக்கம் உட்காருங்கள், கடலில் மிதப்பது மாதிரி இருக்கும் என்று மாஸ்டர் சொல்லி அனுப்பியிருந்தார். சண்டை போட்டு ஜன்னலோரம் வாங்கினேன். அந்த வாரம் முழுக்க ஷிப்மெண்ட் வேலை. கணவர் தோளைத் தட்டி எழுப்பியபோது ராமேஸ்வரம் ஸ்டேஷனில் எல்லோரும் இறங்கிக்கொண்டிருந்தார்கள்.

"ஏனுங்க, எழுப்பக் கூடாதுங்களா?"

"நாலு தடவை எழுப்புனேன். பீஸ் வந்துருச்சான்னு கேட்டுட்டுத் தூங்கிட்ட."

மகள் எல்லாவற்றையும் பார்த்திருந்தாள். எனக்கு விளக்கிச் சொன்னாள்.

திரும்பும்போது மதுரை வரைக்கும் பஸ். ரோட்டுப் பாலத்தில் ஏறியதும் பஸ்ஸில் இருந்தவர்கள் எல்லாம் ஒரு பக்கம் சாய்ந்தார்கள். எட்டிப் பார்த்தேன். கீழே பச்சையும் நீலமுமாகத் தண்ணீர், அதன்மேல் பழைய பாலமும் புதுப் பாலமும் பக்கத்தில் பக்கத்தில், கரையிலிருந்து கரைக்கு. அவ்வளவு தண்ணீருக்கு நடுவே அவை நூல் மாதிரி மெலிதாகத் தெரிந்தன. அந்த நூல்மேல் நின்று கையால் சுற்றியே கப்பலுக்கு வழிவிட்டிருக்கிறார்கள். அதை மாஸ்டர் எத்தனையோ தடவை சொல்லியிருக்கிறார். நான் பக்கவாட்டுத் தையலைப் பற்றி யோசித்துக்கொண்டே தலையாட்டியிருக்கிறேன். பஸ் பாலத்தை விட்டு இறங்கிய பிறகும் கொஞ்ச நேரம் நான் திரும்பித்தான் உட்கார்ந்திருந்தேன்.

திங்கட்கிழமை மாஸ்டர் வாசலிலேயே பிடித்துக்கொண்டார். "எப்புடி மேடம் இருந்துச்சு? ரயிலு பாலத்துல ஏறுனப்ப?"

தூங்கிவிட்டேன், திரும்பும்போது பஸ்ஸிலிருந்துதான் பார்த்தேன் என்று சொன்னேன். அவர் என்னை ஏற இறங்கப் பார்த்தார். நேராகக் கட்டிங் டேபிளுக்குப் போய்விட்டார். டீ வரும் வரைக்கும் என் பக்கம் திரும்பவே இல்லை. டீ வந்ததும் கையில் டம்ளரோடு வந்து எதிரே உட்கார்ந்து, பஸ்ஸில் எந்தப் பக்கம் உட்கார்ந்து பார்த்தேன், தண்ணீர் என்ன நிறத்தில் இருந்தது என்று கேட்கத் தொடங்கினார்.